வெளியூர் போயிருக்கார்

சாலிகிராமம் பிச்சாண்டி தெருவில் சாவு நின்றுபோன வருஷம் எது என்று கேட்டால் அங்கே யாரும் காலண்டரைப் பார்க்க மாட்டார்கள். பரஞ்சோதி 'பனிமலை ஹருமா'வுக்கு வசனம் எழுத ஆரம்பித்த வருஷம் என்பார்கள். அதைச் சொல்லும்போது சிலர் கும்பிடுவார்கள், சிலர் காறித் துப்புவார்கள், கும்பிட்ட கையோடு துப்புகிறவர்களும் இருக்கிறார்கள்.

பரஞ்சோதி சினிமாவுக்குக் கதை எழுதத்தான் சென்னைக்கு வந்தார். அப்படி வருகிற எல்லாரையும்போல வடபழனி மேன்ஷன் ஒன்றில் ஆறு வருஷம் கிடந்து, யார் யாருக்கோ கதை சொல்லி, சொன்ன கதை வேறு யார் பேரிலோ தியேட்டரில் ஓடுவதை டிக்கெட் எடுத்துப் போய்ப் பார்த்துவிட்டு, கடைசியில் ஒரு டப்பிங் தியேட்டரில் ஜப்பான் கார்ட்டூனுக்குத் தமிழ் எழுத ஆள் தேடுகிறார்கள் என்று தெரிந்து, ஒரு மாசம் எழுதித்தான் பார்ப்போமே என்று உட்கார்ந்தவர் இருபத்திரண்டு வருஷம் எழுந்திருக்கவில்லை. சமையல் செய்கிற ரோபோவுக்கு எழுதினார். ஒரே பந்தை மூன்று மாசம் உதைத்துக்கொண்டிருந்த கால்பந்துப் பையன்களுக்கு எழுதினார். மழை பெய்தால் மீனாகிவிடும் பள்ளிக்கூடத்துப் பெண்ணுக்கு நூற்றுநாற்பது வாரம் எழுதினார். அவர் பேர் ஒருநாளும் திரையில் வந்ததில்லை, பேர் ஓடவேண்டிய இடத்தில் சேனல்காரன் நூடுல்ஸ் விளம்பரத்தைப் போட்டுவிடுவான். ஆனாலும் தமிழ்நாட்டுப் பிள்ளைகள் ஒருவரை ஒருவர் திட்டிக்கொள்வது தன்னுடைய வசனத்தில்தான் என்பதில் மனுஷனுக்கு ஏக மிதப்பு.

அந்த வேலைக்குப் பேனாவைவிடக் கண்தான் முக்கியம். பொம்மையின் வாய் ஏழு தடவை திறந்து மூடினால் அந்த ஏழுக்குள் தமிழ் வந்து உட்கார வேண்டும். ஆறானால் பொம்மை சும்மா மெல்லுகிற மாதிரி இருக்கும், எட்டானால் சுவர் பேசுகிற மாதிரி இருக்கும். அதைவிடப் பெரிய தொல்லை சேனலிலிருந்து வந்த பட்டியல். சின்னப் பிள்ளைகள் பார்க்கிற சேனல் என்பதால் சாவு கூடாது, கொலை கூடாது, பிணம், ரத்தம், சுடுகாடு எதுவும் வாயில் வரக்கூடாது. அதைக் கண்காணிக்க மும்பையில் ஒரு அம்மாள் இருந்தாள். அவளுக்குத் தமிழில் ஓர் எழுத்து தெரியாது. ஒவ்வொரு வசனத்துக்கும் கீழே பரஞ்சோதியே இங்கிலீஷில் அர்த்தம் எழுதி அனுப்புவார், அதைப் படித்துவிட்டு அவள் சரி என்று கட்டைவிரலைக் காட்டுவாள். ஹருமாவோ வாளைத் தூக்கிக்கொண்டு பனிமலையைத் தாண்டுகிற பத்து வயசுப் பையன், அவனைச் சுற்றி வாரத்துக்கு ஏழு பேராவது செத்துக்கொண்டிருந்தார்கள்.

முதல் வாரமே அவன் அப்பா மலையிலிருந்து விழுந்துவிட்டார். படகோட்டிக் கிழவனிடம் பையன் வந்து, "அப்பா எங்கே?" என்று கேட்கிறான். கிழவன் வாயை ஏழு தடவை திறக்கிறான். சாமிகிட்டே போயிட்டார் என்று பரஞ்சோதி எழுதினார், சாமி வேண்டாம் என்றாள் மும்பை அம்மாள். தூங்குகிறார் என்று எழுதினார், வாய் மீந்தது. மூன்று நாள் தலையைப் பிய்த்துக்கொண்ட பிறகு நாலாம் நாள் எழுதினார்: வெளியூர் போயிருக்கார். கச்சிதமாக உட்கார்ந்தது. ஒரு ஆளை மிச்சம் பிடிக்கக் கிழவனுக்குப் பரஞ்சோதியே குரல் கொடுத்தார். ஹருமாவுக்குக் குரல் அவர் மனைவி செண்பகம். சின்னப் பையன்களுக்கெல்லாம் பெண்கள்தான் பேசுவது, அதிலும் செண்பகம் பேசினால் அரை டிரவுசர் போட்ட பையன் மூக்கை உறிஞ்சுகிற சத்தம்கூட அப்படியே வரும். அவள் கண்ணாடி அறைக்குள் நின்று, "எப்போ வருவார்?" என்று கேட்டு அழுதபோது, வெளியே சவுண்ட் இன்ஜினீயர் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

அது டிவியில் வந்த வாரம், இஸ்திரி போடுகிற ஏகாம்பரத்தின் அப்பா இழுத்துக்கொண்டு கிடந்தார். சொந்தபந்தம் எல்லாம் வந்து வாயில் பால் ஊற்றியாகிவிட்டது. சனிக்கிழமை காலை பத்தரை மணிக்குக் கிழவர் எழுந்து உட்கார்ந்தார், வேட்டியை இறுக்கிக் கட்டினார், ஒரு மஞ்சள் பையில் இரண்டு சட்டையும் பல்பொடியும் எடுத்துப் போட்டுக்கொண்டு, "வெளியூர் போறேன்" என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று நடந்து பஸ் ஏறிவிட்டார். ஏகாம்பரம் கொஞ்ச தூரம் பின்னாலேயே ஓடினான், பிறகு பெட்டியில் கரி அணைந்துவிடும் என்று திரும்பி வந்தான். அடுத்த மாசம் லாரியில் அடிபட்ட பால்காரர், எழுந்து முழங்காலைத் தட்டிவிட்டுக்கொண்டு, வீட்டுக்குப் போய்ப் பை எடுத்துக்கொண்டு கிளம்பினார். அதற்கப்புறம் அந்தத் தெருவில் யாரும் சாகவில்லை. நேரம் வந்தவர்கள் வெளியூர் போனார்கள். ஏன் அந்தத் தெருவில் மட்டும் என்று கேட்டால், பரஞ்சோதி அங்கேதானே குடியிருந்தார், வேறென்ன காரணம் வேண்டும்.

தெரு ஒரு வருஷத்தில் பழகிவிட்டது. மனுஷன் எதற்குத்தான் பழகவில்லை. சாவு மேளம் அடித்தவர்கள் கல்யாண ஊர்வலத்துக்கு மாறினார்கள். ஆஸ்பத்திரியில் டாக்டர்கள் பிச்சாண்டி தெரு நோயாளி என்றால் சொந்தக்காரரைத் தனியே கூப்பிட்டு, "பை கட்டி வெச்சுக்குங்க" என்று மட்டும் சொன்னார்கள். போனவர்கள் பேர் ரேஷன் கார்டிலிருந்து நீங்கவில்லை, பெண்சாதிகள் பொட்டை அழிக்கவில்லை, சுவரில் யார் படத்துக்கும் மாலை விழவில்லை. பேரன் பிறந்தால் 'தாத்தா வெளியூரிலிருந்து வந்து பார்ப்பார்' என்று பத்திரிகையில் அச்சடித்தார்கள். குடியிருப்போர் நலச் சங்கத்தின் செயலாளர் கஜேந்திரன், மின்சார வாரியத்தில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர், பஸ் நிறுத்தத்தில் உட்கார ஒரு சிமெண்ட் பெஞ்சே போட்டுக் கொடுத்தார்.

ஆனால் ஒரு விஷயத்தை யாரும் முன்கூட்டி யோசிக்கவில்லை. செத்துப்போனவனிடம் யாரும் கோபத்தை ரொம்ப நாள் வைத்துக்கொள்வதில்லை. விட்டுவிட்டுப் போனவனிடம்? போகிறவர்கள் யாரும் திரும்பிப் பார்க்கவில்லை, போய்ச் சேர்ந்தேன் என்று ஒரு போன் இல்லை, பஸ் போய்விடுமே என்கிற அவசரம் மட்டும்தான் அவர்கள் முகத்தில் இருந்தது. முதல் வருஷம் காத்திருந்தவர்கள் இரண்டாம் வருஷம் முணுமுணுத்தார்கள், மூன்றாம் வருஷம் சபிக்க ஆரம்பித்தார்கள். நாற்பது வருஷம் சண்டையே போடாத தம்பதியில் மிஞ்சியவள், போனவரின் சட்டைகளைத் தெருவில் போட்டு மிதித்தாள். அழுகை அந்தத் தெருவை விட்டுப் போய்விட்டது, அது இருந்த இடத்தில் வன்மம் வந்து குடியேறிக்கொண்டது.

செண்பகத்துக்கு வயிற்றில் கட்டி என்று கண்டுபிடித்தபோது நாள் கடந்துவிட்டது. பரஞ்சோதியின் ஒரே மகள் அல்லிக்கு அப்போது பதினோரு வயது. "என்னங்க, இவ கையைப் பிடிச்சுக்கிட்டே போயிடணுங்க. நான் எழுந்து நடந்துடாம என்னைக் கட்டிலோட கட்டிப் போட்டாவது வைங்க" என்றாள் செண்பகம். பரஞ்சோதி நிஜமாகவே புடவையால் கட்டினார். அந்த நாள் வந்தபோது அவள் முடிச்சுகளை ஒவ்வொன்றாக அவிழ்த்துவிட்டு எழுந்தாள், எலுமிச்சை நிறப் புடவை உடுத்தினாள், பை கட்டினாள். அல்லி அவள் முந்தானையைப் பிடித்துத் தொங்கினாள், "நாளைக்கு எனக்குப் பரீட்சைம்மா" என்று கத்தினாள். செண்பகம் குழந்தையின் விரல்களை நிதானமாகப் பிரித்துவிட்டு, பஸ் ஏறி, ஜன்னலோரம் உட்கார்ந்து, எதிர்ப்பக்கம் பார்த்துக்கொண்டே போய்விட்டாள். அந்தப் பாழாய்ப்போன ஏழு தடவை திறந்த வாயை நினைத்துப் பரஞ்சோதி தெருவில் நின்று தன் வாயில் தானே அடித்துக்கொண்டார்.

அல்லி ஒரு வாரம் பெஞ்சில் காத்திருந்தாள். பிறகு அவள் அம்மாவை அம்மா என்று சொல்வதை நிறுத்திக்கொண்டாள். 'அவ' என்றாள். செண்பகத்தின் புடவைகளைப் பாத்திரக்காரியிடம் போட்டு பிளாஸ்டிக் பக்கெட் வாங்கினாள். பழைய ஹருமா மறு ஒளிபரப்பில் செண்பகத்தின் குரல் வந்தால் எழுந்து டிவியை அணைத்தாள். மூன்று வருஷத்தில் அந்தக் குழந்தையின் முகமே ஒரு மாதிரி இறுகிப்போய், யார் எதைக் கொடுத்தாலும் இது எப்போது பிடுங்கப்படும் என்று பார்க்கிற முகமாகிவிட்டது. பரஞ்சோதி அவளை மெரினாவுக்குக் கூட்டிப்போய் உட்காரவைத்துச் சொன்னார்.

"அம்மா நம்மள விட்டுட்டுப் போகலம்மா. அம்மா செத்துட்டா."

"அப்படியா? எங்க எரிச்சீங்க? காட்டு."

அவர் கடலைப் பார்த்தார்.

"அவ நடந்துதானப்பா போனா. நான் கூடவே போனேன். என் விரலைப் பிரிச்சா. செத்தவங்க யாராவது விரலைப் பிரிப்பாங்களா?" என்றாள் அல்லி. பிறகு சுண்டல் பொட்டலத்தைக் கடல் பக்கமாக வீசிவிட்டு எழுந்து நடந்தாள்.

அன்றைக்குத்தான் அவர் முடிவு செய்தார். வசனத்தால் வந்ததை வசனத்தாலேயே முடிக்க வேண்டும். செண்பகம் செத்தவள் ஆக வேண்டும். அப்போதுதான் மகள் ஒரு மூச்சு அழுதுவிட்டு அம்மாவை மன்னிப்பாள். அவருக்கு வேண்டியது அது ஒன்றுதான், மற்ற வீடுகளை அவர் நினைக்காமல் இல்லை, நினைத்துவிட்டுத் தள்ளி வைத்தார்.

ஹருமா முடியப்போகிற செய்தி தெருவுக்குத் தெரிந்திருந்தது. முந்நூறாவது வாரம் பையன் மலை இறங்கி வந்து, படகோட்டிக் கிழவனிடம் கடைசியாக, "எல்லாரும் எங்கே?" என்று கேட்பான் என்று இணையத்தில் ஜப்பான் மொழியிலேயே பார்த்துவிட்ட பிள்ளைகள் சொல்லிவிட்டார்கள். கஜேந்திரன் சங்கத்து ஆட்கள் நாலு பேரோடு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை வந்தார், பிறகு நாலு பேரையும் கீழேயே நிற்கச் சொல்லிவிட்டுத் தனியாக மாடியேறினார். அவர் மகன் தினகர், பத்தொன்பது வயது, ரத்தத்தில் புற்றுநோய் வந்து மூன்று மாசத்துக்கு முன்னால் பை எடுத்துக்கொண்டு போயிருந்தான். அவனுடைய பைக்கை ஒவ்வொரு ஞாயிறும் ஐந்து நிமிஷம் ஸ்டார்ட் செய்து வைத்துவிட்டுத்தான் அவர் சாப்பிட உட்காருவார்.

"சார், பெருசா ஒண்ணும் கேக்கல. அதே வசனத்தையே போட்டுடுங்க" என்றார் கஜேந்திரன்.

"அல்லி அவங்கம்மாவை வெறுக்குறா சார். என்னால பார்க்க முடியல."

"வெறுக்கட்டும் சார். வெறுக்கறதுக்காவது ஒரு ஆள் இருக்குல்ல." அவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசலிலேயே நின்றார். "எனக்கு என் பையன் எங்கயோ இருக்கான். எந்த ஊருன்னு தெரியாது, அவ்வளவுதான். பசங்களை வெளிநாட்டுக்கு அனுப்பிட்டு எத்தனை பேர் இல்ல? அந்த மாதிரி நானும் காலத்தை ஓட்டிடுவேன். கால்ல வேணாலும் விழறேன் சார்."

விழுந்தும்விட்டார். அறுபத்திரண்டு வயசு மனுஷர். பரஞ்சோதி அவரைத் தூக்கி நிறுத்தி, "சரி சார், அதையே போட்டுடறேன்" என்று சொன்னார். சொன்னபோதே அது பொய் என்று அவருக்குத் தெரியும்.

மறுநாள் தசரதபுரத்து டப்பிங் தியேட்டரில், கண்ணாடி அறைக்குள் நின்று, கிழவன் வாய் திறந்த ஏழு தடவைக்குள் அவர் பேசினார்: எல்லாரும் செத்துட்டாங்க. கச்சிதமாக உட்கார்ந்தது. கீழே இங்கிலீஷில், எல்லாரும் வெளியூர் போயிருக்கிறார்கள் என்று அர்த்தம் எழுதி அனுப்பினார். மும்பை அம்மாள் கட்டைவிரலைக் காட்டினாள்.

வெள்ளிக்கிழமை மாலை ஐந்து மணிக்குத் தெருவில் எல்லா வீட்டிலும் டிவி ஓடிக்கொண்டிருந்தது, பரஞ்சோதி வீட்டைத் தவிர. அல்லி மேசையில் பாடம் எழுதிக்கொண்டிருந்தாள். பரஞ்சோதி அவளிடம் எதுவும் சொல்லவில்லை. தகவல் வரும், போலீஸ்காரரோ ஆஸ்பத்திரிக்காரரோ போன் செய்வார்கள், தானாகவே தெரியட்டும், குழந்தை அழட்டும் என்று அவர் நினைத்துக்கொண்டிருந்தார். அடுத்த வீட்டு ஜன்னல் வழியாகத் தன் குரலே அந்த வசனத்தைச் சொல்வது கேட்டது.

ஐந்து இருபதுக்குத் தெருமுனையில் மூன்று பஸ்கள் வந்து நின்றன. பரஞ்சோதி படியிறங்கி ஓடினார். ஏகாம்பரத்தின் அப்பா இறங்கினார், பால்காரர் இறங்கினார், ஆறு வருஷமாகப் போன அத்தனை பேரும் அவரவர் பையோடு ஒருவர்பின் ஒருவராக இறங்கினார்கள், யாருக்கும் கூடுதலாக ஒரு முடிகூட நரைத்திருக்கவில்லை. இறங்கியவர்கள் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, தலை சுற்றுகிற ஆளைப்போலச் சுவரைப் பிடித்துப் பிடித்துத் தங்கள் வீட்டை நோக்கி நடந்தார்கள். பால்காரர் வீடுவரை வரவில்லை, லாரி அடித்த காயம் அப்போதுதான் உடம்பில் திறந்து, சிமெண்ட் பெஞ்சுக்குப் பக்கத்திலேயே சாய்ந்தார். பரஞ்சோதிக்கு அப்போதுதான் உறைத்தது. வருகிறவர்கள் வாழ வரவில்லை.

எலுமிச்சை நிறப் புடவையில் செண்பகம் இறங்கினாள். அவரைப் பார்த்ததும் சிரித்தாள்.

"பஸ்ல நல்லா தூங்கிட்டேன் போல. எங்க போனேன், என்னன்னு ஒண்ணும் ஞாபகம் இல்லைங்க. அல்லி பரீட்சை எழுதிட்டாளா? கணக்குதானே இன்னிக்கு?"

அவர் அவளை அணைத்துப் பிடித்து நடத்தினார். முப்பது வீடு தூரம். வழி நெடுக ஒவ்வொரு வாசலிலும் ஒருவர் போய் விழ, உள்ளேயிருந்து அலறல் கிளம்பியது. கஜேந்திரன் வீட்டுக்கு முன்னால் தினகர் பைக்கைப் பிடித்துக்கொண்டு மண்டியிட்டிருந்தான், கஜேந்திரன் அவன் தலையை மடியில் வாங்கிக்கொண்டு பரஞ்சோதியை ஏறிட்டுப் பார்த்தார். பரஞ்சோதி நிற்கவில்லை. செண்பகத்துக்கு ஒவ்வொரு வீட்டுக்கும் கால் கனத்துக்கொண்டே வந்தது. மாடி ஜன்னலில் அல்லியின் முகம் தெரிந்தது, அம்மாவைப் பார்த்தது, ஜன்னல் சாத்திக்கொண்டது. அவர்கள் படியேறி வந்தபோது கதவு உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்தது.

"அல்லி, அம்மா வந்திருக்கா. கதவைத் திறம்மா."

"எதுக்கு வந்தா? இருந்த இடத்துலயே இருக்கச் சொல்லு."

"அல்லிக்கண்ணு" என்றாள் செண்பகம். மூச்சு வாங்கியது. படியில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு, அல்லி சின்னக் குழந்தையாய் இருந்தபோது காலையில் எழுப்புகிற மாதிரி, ஹருமாவின் குரலில், மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "கதவைத் திறக்கலேன்னா நான் பனியில விறைச்சுப்போயிடுவேன்" என்றாள். உள்ளே நாற்காலி நகர்கிற சத்தம் கேட்டது. செண்பகம் புருஷனைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினாள், இப்போது பாருங்கள் என்கிற மாதிரி.

"நாடகம் போடாதீங்க ரெண்டு பேரும்" என்றது உள்ளிருந்து குரல்.

பரஞ்சோதி இரண்டு கையாலும் கதவை அடித்தார். "அல்லி! திறடி! அம்மா சாகப் போறா! இன்னும் ஒரு நிமிஷம்கூட இல்லடி, செத்துடுவா, திறடி!"

"சும்மா கதை விடாதப்பா. இந்தத் தெருவுல யாரும் சாக மாட்டாங்க."

அவள் சொன்னதில் தப்பில்லை. அவள் எட்டு வயசிலிருந்து அந்தத் தெருவில் யாரும் செத்து அவள் பார்த்ததில்லை. செண்பகம் கதவில் கன்னத்தை வைத்து, இன்னும் ஏதோ சொல்ல வாயைத் திறந்தாள், மூன்று நாலு தடவை திறந்து மூடினாள், சத்தம் வரவில்லை. பிறகு அப்படியே இருந்தாள்.

கால்மணி நேரம் கழித்து, தெருவில் கிளம்பிய ஓலம் எதனால் என்று பார்க்க அல்லி கதவைத் திறந்தபோது, அதில் சாய்ந்திருந்த அம்மா அவள் பாதத்தின்மேல் விழுந்தாள். அல்லி முதலில் காலை உதறினாள். பிறகு குனிந்தாள். அம்மாவின் விரல்களை எடுத்துத் தன் கையைச் சுற்றி மடித்துப் பார்த்தாள், அவை பிடிக்கவில்லை. மறுபடி மடித்தாள்.

"உனக்கு எப்படிப்பா முன்னாடியே தெரியும்?"

"நான்தாம்மா எழுதினேன்."

"எப்போ?"

"திங்கக்கிழமை."

அல்லி அவரை நிமிர்ந்து பார்த்தாள். "அப்பவே சொல்லியிருந்தா நான் கதவைத் திறந்து வெச்சுட்டு உட்கார்ந்திருப்பேனே" என்றாள். அதற்கப்புறம் அவரிடம் அவள் பேசவில்லை.

அன்று பிச்சாண்டி தெருவில் முப்பத்தொரு பாடை கட்டினார்கள், எப்படிக் கட்டுவது என்பது பலருக்கு மறந்திருந்ததால் அடுத்த தெருவிலிருந்து ஆள் கூட்டிவந்தார்கள். மாலை, பதினாறாம் நாள், பொட்டு அழிப்பது எல்லாம் ஒரே மாசத்தில் திரும்பி வந்துவிட்டன. ரேஷன் கார்டில் பேர் நீக்கினார்கள். கணவரின் சட்டையை மிதித்தவள், மிதித்த சட்டையைத் துவைத்து மடித்துத் தலையணைக்கு உறை போட்டுக்கொண்டாள். கஜேந்திரன் பைக்கை விற்கவில்லை, ஸ்டார்ட் செய்யவும் இல்லை, பரஞ்சோதி வருகிற பக்கம் மட்டும் பார்ப்பதில்லை. பரஞ்சோதிக்கு வேறு தொடர் கிடைத்தது, பேசும் நாய்க்குட்டிகள், அதில் யாரும் சாவதில்லை.

அல்லி அம்மாவை மன்னித்துவிட்டாள். அவர் ஆசைப்பட்டது அப்படியே நடந்தது. அம்மா படத்துக்குத் தினமும் பூ வைக்கிறாள், அம்மா என்று சொல்லும்போது குரல் குழைகிறது, முகத்தில் அந்த இறுக்கம் போய்விட்டது. அப்பா அறைக்குள் வந்தால் மட்டும் அது திரும்ப வருகிறது. காலாண்டுத் தேர்வு முடிந்து பெற்றோரை வரச்சொல்லியிருந்த நாளில், அவள் கூப்பிடாமலேயே பரஞ்சோதி பள்ளிக்கூடத்துக்குப் போனார். வகுப்பு டீச்சர் அவரை மேலும் கீழும் பார்த்தார்.

"நீங்க யாரு சார் அல்லிக்கு?"

"அப்பாங்க."

டீச்சர் நோட்டைப் புரட்டினார். "அவங்கப்பா செத்துட்டார்னுல்ல அல்லி எழுதிக் கொடுத்திருக்கா. அம்மாவுக்கு முன்னாடியேன்னு."

வாசல் பக்கம் அல்லி நின்றிருந்தாள். மறுக்கவில்லை, ஓடவும் இல்லை, இவர் என்ன சொல்லப்போகிறார் என்று பார்த்துக்கொண்டு நின்றாள். பரஞ்சோதி அவளைப் பார்த்தார், பிறகு டீச்சரிடம், "வாய் தவறிடுச்சுங்க, நான் பெரியப்பா" என்றார். காட்டிய இடத்தில் பெரியப்பா என்று கையெழுத்துப் போட்டு, மார்க் அட்டையை வாங்கிக்கொண்டு வெளியே வந்தார். கணக்கில் நல்ல மார்க்.